மௌனப் படங்களில் அடிதடி விகடம்

நகைச்சுவைக்கு மொழி பெரிதும் வேண்டப்படுகிறது. சிலேடையைச் சுவைக்க ஒரு சொல்லின் இரு பொருளும் தெரிந்திருத்தல் வேண்டும். ஒருவர் இன்னொரு வட்டாரத்தாரைப்போலப் பேசிக் காட்டினால், அந்தப் பேச்சு எவ்வூருக்கு உரியது என்பது கேட்பவருக்கு விளங்க வேண்டும். வேற்று மாநிலத்தில் குடியேறியவர்கள் கடைவீதிக்குப் போதுமான மொழியை விரைவில் கற்றுக்கொள்கிறார்கள். அலுவலகத்திலும் ஒருவாறு சமாளித்து விடுகிறார்கள். ஆனால் நால்வர் கூடிச் சிரிக்கும்போது, எதற்காகச் சிரிக்கிறார்கள் என்பது விளங்காமல் ஓரமாக நிற்கும் நிலை நெடுநாள் நீடிக்கிறது. மும்பையிலும் தில்லியிலும் கொல்கத்தாவிலும் வாழும் நம்மில் பலர் இதனை அனுபவத்தில் அறிவோம். பிற மொழியொன்றில் நமக்குக் கடைசியாகக் கைகூடுவது அதன் சிரிப்பே.

மொழியின் துணையைப் பெரிதும் நாடாமல் உலகத்தாரை ஒருசேரச் சிரிக்க வைத்த கலை ஒன்று, 1895ஆம் ஆண்டு தொடங்கி 1920களின் இறுதிவரை, முப்பது ஆண்டுகளுக்கு மேலாகச் செழித்திருந்தது. மௌனக் குறும்படங்களில் வளர்ந்த அடிதடி விகடமே அது. ஆங்கிலத்தில் அதனை ஸ்லாப்ஸ்டிக் என்பர். வழுக்கி விழுவதும், உதை வாங்குவதும், முகத்தில் பாலேட்டுப் பணியாரம் வந்து அப்பிக்கொள்வதுமாக இருக்கும் அப்படங்களைச் சிறுபிள்ளை விளையாட்டு என்று ஒதுக்குவோர் உண்டு. அவை எவ்வாறு அமைக்கப்பட்டன, யாருக்காகத் தோன்றின, யாரை உயர்த்தின, யாரைத் தாழ்த்தின என்பவற்றை ஆராய்ந்தால், ஒதுக்கத்தக்கவை அல்ல என்பது விளங்கும்.

பெயர் வந்த வழி

ஸ்லாப்ஸ்டிக் என்பது முதலில் ஒரு கருவியின் பெயர். 16ஆம் நூற்றாண்டில் இத்தாலியில் தழைத்த கொம்மேதியா தெல்லார்த்தே என்னும் நாடக மரபில், ஆர்லெக்கினோ என்ற வேலைக்காரக் கோமாளி கையில் ஒரு கழி வைத்திருப்பான். இரண்டு மெல்லிய மரச்சட்டங்களைச் சற்று இடைவெளி விட்டு ஒரே பிடியில் பொருத்திய கழி அது. அதனால் ஒருவர் முதுகில் அடித்தால், சட்டங்கள் ஒன்றோடொன்று மோதிப் பெரிய ஓசை எழும். அடிபட்டவருக்கோ வலி மிகக் குறைவு. ஓசை பெரிது, நோவு சிறிது. இந்தக் கலை முழுவதற்கும் இதுவே அடிப்படை என்று கொள்ளலாம். விழுபவர் எழுந்துவிடுவார் என்ற உறுதி இருக்கும்வரைதான் காண்போர் சிரிப்பர். எழமாட்டார் என்று தோன்றிய கணத்தில் சிரிப்பு நின்றுவிடும்.

தொல்காப்பியர் மெய்ப்பாடுகள் எட்டினைக் கூறும்போது நகையையே முதலாவதாக வைத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்னும் நான்கையும் அது தோன்றும் நிலைக்களன்களாகக் கூறினார். இவற்றுள் மடன் என்பதை, கொண்டதை விடாமல் பற்றியிருத்தல் என்று உரைகாரர் விளக்குவர். 1900ஆம் ஆண்டில் சிரிப்பைப்பற்றி நூல் எழுதிய பிரெஞ்சுத் தத்துவ அறிஞர் ஆன்ரி பெர்க்ஸோன், வேறு வழியாக இதே இடத்துக்கு வந்து சேர்ந்தார். சூழ்நிலை மாறிய பின்னும் மனிதன் தன் போக்கை மாற்றிக்கொள்ளாமல் இயந்திரம்போல இயங்கும்போது நகைப்பு பிறக்கிறது என்பது அவர் கொள்கை. எதிரே பள்ளம் இருப்பது தெரியாமல் மிடுக்காக நடந்து வருபவர் இருவர் கூற்றுக்கும் நல்ல சான்று. மௌனப் படக் கலைஞர்கள் இக்கொள்கைகளைப் படித்தவர்கள் அல்லர், கைப்பழக்கத்தால் கண்டறிந்தவர்கள்.

முதல் விகடப் படம்

பிரான்ஸ் நாட்டு லூமியேர் சகோதரர்கள் 1895ஆம் ஆண்டு டிசம்பர் 28ஆம் நாள் பாரிஸ் நகரத்துக் கிராண்ட் காஃபேயில் கட்டணம் வாங்கிக்கொண்டு பத்துச் சிறு படங்களைக் காட்டினார்கள். அவற்றுள் ஒன்று, தோட்டக்காரர் ஒருவர் நனைந்த கதை. ஒரு நிமிடத்துக்கும் குறைவாகவே ஓடும் படம் அது. தோட்டக்காரர் ரப்பர் குழாயால் செடிகளுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த பையன் குழாயை மிதிக்கிறான். தண்ணீர் நின்றுவிடுகிறது. அவர் குழாயின் வாயை முகத்துக்கு நேரே உயர்த்திப் பார்க்கிறார். பையன் காலை எடுத்துவிடுகிறான். முகம் நனைந்த தோட்டக்காரர் அவனைத் துரத்திப் பிடித்து, காமிராவின் முன்னே இழுத்து வந்து இரண்டு அடி வைக்கிறார்.

பின்னாளில் வந்த ஆயிரக்கணக்கான விகடப் படங்களின் இலக்கணம் இச்சிறு படத்திலேயே அடங்கியிருக்கிறது. முதலாவது, நாம் அறிந்ததைப் பாத்திரம் அறியவில்லை. பையனை நாம் பார்க்கிறோம், தோட்டக்காரர் பார்க்கவில்லை. இரண்டாவது, ஒரு காத்திருப்பு உண்டு. தண்ணீர் நின்றதற்கும் பீறிட்டதற்கும் இடைப்பட்ட இரண்டொரு நொடிகளில்தான் சிரிப்பு முதிர்கிறது. மூன்றாவது, அவர் செய்த செயல் அறிவுக்குப் பொருந்தியதே. தண்ணீர் ஏன் வரவில்லை என்று பார்ப்பதில் தவறில்லை. நான்காவது, எல்லாம் நம் கண்முன் ஒரே சட்டத்துக்குள் நிகழ்கின்றன. ஓடிய பையனை மீண்டும் நடுவில் கொண்டுவந்து அடித்ததன் காரணம், நிலையாக நிறுத்திய காமிராவின் பார்வையை விட்டு அவர்கள் அகலக் கூடாது என்பதே.

லூமியேர் நிறுவனத்தார் 1896ஆம் ஆண்டு ஜூலை 7ஆம் நாள் மும்பையில் வாட்ஸன் ஹோட்டலில் தம் படங்களைக் காட்டினார்கள். இந்தியாவில் சலனப்படம் காட்டப்பட்ட முதல் நிகழ்ச்சியாக அதனைக் குறிப்பிடுவர். பாரிஸில் தொடங்கி ஏழு மாதங்கள் நிறையுமுன்பே இக்கலை நம் நாட்டுத் துறைமுகத்தை வந்தடைந்துவிட்டது.

துரத்தலும் கைப்பிடியும்

அடுத்த பத்தாண்டுகளில் பிரான்ஸின் பாதே, கோமோன் நிறுவனங்கள் துரத்தல் படங்களைப் பெருக்கின. 1908இல் கோமோன் நிறுவனம் எடுத்த படம் ஒன்றில், வண்டியிலிருந்து விழுந்த பூசணிக்காய்கள் தெருவில் உருண்டோடுகின்றன. அவற்றைப் பிடிக்க ஊரார் ஓடுகின்றனர். கழுதையும் உடன் ஓடுகிறது. பூசணிக்காய்கள் மேட்டிலும் ஏறிச் செல்கின்றன. கீழ்நோக்கி உருள்வதைப் படம்பிடித்துப் பின்னோக்கி ஓட்டினால் மேல்நோக்கி உருள்வதாகத் தோன்றும். உயிரற்ற காய்க்கு ஒரு பிடிவாதம் வந்துவிட்டாற்போன்ற அக்காட்சிக்கு மொழிபெயர்ப்பு எதற்கு?

அப்படங்களின் வேகத்தைப்பற்றியும் சொல்லவேண்டும். அந்நாளைய காமிராவைக் கையால் சுழற்றினார்கள். கைப்பிடியை ஒருமுறை சுற்றினால் எட்டுப் படங்கள் பதியும். நொடிக்கு இருமுறை சுற்றுவது வழக்கம். ஆகவே நொடிக்கு 16 படங்கள். ஓர் அடிச் சுருளில் 16 படங்கள் உண்டு. ஒரு ரீல் என்பது 1,000 அடி. அம்முறையில் ஓட்டினால் ஒரு ரீல் பதினாறரை நிமிடத்துக்குச் சற்று மேலாக ஓடும். துரத்தல் காட்சிகளில் காமிராக்காரர் வேண்டுமென்றே மெதுவாகச் சுழற்றி, நொடிக்கு 12 படங்களையே பதித்துக்கொள்வார். அதனை வழக்கமான வேகத்தில் திரையிட்டால் மனிதர்கள் காற்றாய்ப் பறப்பார்கள். பேசும்படம் வந்தபின் புரொஜெக்டர்கள் நொடிக்கு 24 படங்கள் என்று நிலைபெற்றன. பழைய சுருளை அதில் ஓட்டியதால், மெல்ல நடந்தவர்களும் துள்ளி நடப்பவர்களாகத் தோன்றினர். நம்மில் பலர் முதன்முதல் கண்டது இத்தகைய பிரதிகளையே. மௌனப் பட நடிகர்கள் எல்லாரும் வெட்டி வெட்டி நடந்தவர்கள் என்னும் எண்ணம் இதனால் ஏற்பட்டது. உரிய வேகத்தில் காணும்போது அவர்களுடைய அசைவு நாட்டியத்துக்கு ஒப்பாகச் செம்மையாய் இருப்பது புலனாகும்.

அச்செம்மையை முதலில் காட்டியவர் பாதே நிறுவனத்தில் 1905 முதல் நடித்த மாக்ஸ் லிந்தர். பட்டுத் தொப்பி, வெண்கையுறை, கைத்தடி, சீரான மீசை ஆகியவற்றோடு செல்வர்வீட்டு இளைஞராகத் தோன்றுவார். அவர் கீழே விழுந்தால் அவரோடு அந்த உடையின் மிடுக்கும் விழும். அதுவரை வந்த கோமாளிகள் அதிகமாக ஆடினார்கள்; லிந்தர் குறைவாக ஆடினார். புருவத்தின் சிறு அசைவில் நாணத்தைக் காட்டினார். சார்லி சாப்ளின் அவரைத் தம் ஆசிரியர் என்றே போற்றினார்.

கீஸ்டோன் கூட்டம்

அமெரிக்காவில் இக்கலையைப் பெருந்தொழிலாக்கியவர் மாக் ஸென்னட். கனடாவிலுள்ள க்யூபெக் மாகாணத்தில் 1880இல் பிறந்த அவர், இயக்குநர் கிரிஃபித்திடம் தொழில் பயின்று, 1912இல் கீஸ்டோன் நிறுவனத்தைத் தொடங்கி, லாஸ் ஏஞ்சலீஸ் நகரின் ஈடன்டேல் பகுதியில் படங்களை எடுத்தார். மேபல் நார்மண்ட், ஃபோர்ட் ஸ்டெர்லிங், பருத்த உடலோடு பந்துபோல் துள்ளிய ராஸ்கோ ஆர்பக்கிள் முதலியோர் அவரிடம் நடித்தனர். கீஸ்டோன் போலீஸ்காரர்கள் உலகப் புகழ் பெற்றார்கள். ஒரே வண்டியில் அளவுக்கு மேல் தொற்றிக்கொண்டு, வளைவில் சிதறி, குளத்தில் விழுந்து, திருடனைத் தவிர மற்ற எல்லாரையும் பிடிக்கும் அவர்களைக் கண்டு எளிய மக்கள் வயிறு குலுங்கச் சிரித்தனர். அதிகாரத்தின் சீருடை நனைந்து வருவது அவர்கள் அன்றாட வாழ்வில் காணக்கிடைக்காத காட்சியன்றோ!

ஸென்னட் முழுக்கதை எழுதி வைத்துக்கொண்டு படமெடுப்பவர் அல்லர். ஊரில் ஊர்வலமோ பந்தயமோ நடந்தால் நடிகர்களை அங்கே அனுப்பிவிடுவார். 1914 ஜனவரியில் வெனிஸ் என்னும் கடற்கரைப் பகுதியில் சிறுவர்களின் வண்டிப் பந்தயம் நடந்தது. அங்கே பொருந்தாத உடையணிந்த ஒருவர் திரும்பத் திரும்பக் காமிராவின் முன் வந்து நிற்க, படமெடுப்பவர் அவரைத் தள்ள, அவர் மீண்டும் வர, அதுவே ஒரு சிறு படமாயிற்று. சூழ நின்றவர்கள் நடிகர்கள் அல்லர். பந்தயம் பார்க்க வந்த ஊரார். இவர் யார் என்று விழிக்கும் அவர்களின் முகங்களைப் படத்தில் இன்றும் காணலாம். பிப்ரவரி 7ஆம் நாள் அப்படம் வெளிவந்தது. தொளதொளத்த கால்சட்டை, இறுகிய கோட்டு, சிறிய தொப்பி, பெரிய பாதணி, கைத்தடி என்ற கோலத்தில் சாப்ளின் உலகத்தாருக்கு முதலில் காட்சியளித்தது அதில்தான்.

லண்டன் நகரின் வறுமையில் வளர்ந்து, ஃப்ரெட் கார்னோவின் மௌன நாடகக் குழுவில் பயின்று, அமெரிக்கா வந்தவர் சாப்ளின். கீஸ்டோனில் அவருக்கு வாரம் 150 டாலர் சம்பளம். 1915இல் எஸ்ஸனே நிறுவனம் 1,250 டாலர் தந்தது. 1916இல் ம்யூச்சுவல் நிறுவனம் வாரம் 10,000 டாலரும், ஒப்பந்தத்துக்காகத் தனியே 1,50,000 டாலரும் அளித்தது. இரண்டே ஆண்டுகளில் நிகழ்ந்த இவ்வளர்ச்சி, அவர் சிரிப்புக்கு மக்களிடையே இருந்த பசியின் அளவைக் காட்டும்.

யாருடைய சிரிப்பு?

அந்தப் பசி யாருடையது? 1905இல் பிட்ஸ்பர்க் நகரில் ஐந்து காசுக் கட்டணத்தில் ஒரு படக்கொட்டகை தொடங்கப்பட்டது. நிக்கல் என்னும் ஐந்து காசு நாணயத்தால் அதற்கு நிக்கலோடியன் என்று பெயர். சில ஆண்டுகளில் அத்தகைய கொட்டகைகள் தொழிலாளர் வாழ்ந்த தெருக்களில் எங்கும் முளைத்தன. 1907ஆம் ஆண்டு ஒன்றில் மட்டும் அமெரிக்காவில் குடியேறியவர்கள் ஏறத்தாழ 12,85,000 பேர். இத்தாலியர், போலந்து நாட்டார், ருஷ்யாவிலிருந்து வந்த யூதர் எனப் பல மொழியினர். ஆங்கில நாடகம் அவர்களுக்கு விளங்காது. பத்திரிகையையும் படிக்க இயலாது. படக்கொட்டகையிலோ ஐந்து காசு கொடுத்தவர் எல்லாரும் சமம். இடையிடையே தோன்றும் எழுத்துகளைப் பள்ளிக்குச் செல்லும் பிள்ளைகள் தாய்தந்தையருக்குப் படித்துச் சொன்னார்கள். விகடப் படத்துக்கு அந்த உதவியும் பெரும்பாலும் தேவைப்படவில்லை.

அவர்களுடைய கதையையே சாப்ளின் 1917இல் ‘குடியேறியவர்’ என்று பொருள்படும் தலைப்பில் இரண்டு ரீல் படமாக எடுத்தார். கப்பலின் ஓரத்தில் ஒருவர் முதுகைக் காட்டிக் கவிழ்ந்து கிடக்கிறார், தோள்கள் குலுங்குகின்றன. கடல் மயக்கத்தால் வாந்தி எடுக்கிறார் என்று எண்ணுகிறோம். திரும்பினால், தூண்டிலில் மாட்டிய மீன் அவர் கையில்! உணவு மண்டபத்தில் கப்பல் ஆட்டத்தில் தட்டு அப்பாலும் இப்பாலும் வழுக்கிச் செல்ல, எதிரெதிரே அமர்ந்த இருவர் ஒரே தட்டில் முறைவைத்து உண்கிறார்கள். பின்னர் சுதந்திர தேவியின் சிலை தோன்றுகிறது. எல்லாரும் நெகிழ்ந்து நோக்குகிறார்கள். அந்தக் கணத்திலேயே அதிகாரிகள் வந்து கயிறு ஒன்றைக் குறுக்கே பிடித்து, அவர்களை மந்தைபோல் அடைக்கிறார்கள். சார்லி மீண்டும் ஒருமுறை சிலையைத் திரும்பிப் பார்க்கிறார். ஒரு சொல்லும் இல்லை. வேற்றூரில் வந்திறங்கியவர் மனத்தில் எழும் வினா முழுவதும் அந்தப் பார்வையில் இருக்கிறது.

பிற்பகுதி உணவு விடுதியில் நிகழ்கிறது. பசியால் வாடும் சார்லி தெருவில் ஒரு நாணயத்தைக் கண்டெடுத்துப் பையில் போட்டுக்கொண்டு உள்ளே நுழைகிறார். பையில் ஓட்டை, நாணயம் போய்விட்டது. அது தெரியாமல் உண்கிறார். அப்போது பத்துக் காசு குறைவாக வைத்திருந்த ஒருவரைப் பரிமாறுபவர்கள் சேர்ந்து புடைத்து வெளியே தள்ளுகிறார்கள். சார்லி தம் பையைத் தடவிப் பார்க்கிறார். அதற்குமேல் அவர் விரல்நுனியின் ஒவ்வோர் அசைவும் சிரிப்பாகிறது, அச்சமும் ஆகிறது.

1983இல் வெளிவந்த ஓர் ஆவணப்படம், சாப்ளின் கழித்துப்போட்ட சுருள்களை ஆராய்ந்து சில உண்மைகளைப் புலப்படுத்தியது. இப்படத்தை அவர் உணவு விடுதியிலிருந்தே எடுக்கத் தொடங்கினார். கப்பல் பின்னர் வந்த எண்ணம். பரிமாறுபவராக முதலில் நடித்தவர் ஹென்றி பெர்க்மன். அவரை மாற்றி, ஆறடிக்கு மேற்பட்ட பேருருவமும் அடர்ந்த புருவமும் உடைய எரிக் காம்ப்பெல்லை அவ்விடத்தில் அமர்த்தினார் சாப்ளின். அச்சுறுத்துபவர் உண்மையாகவே அச்சம் தராவிட்டால், தப்புவதில் சுவை இல்லை. திடீரெனத் தோன்றியதுபோல் நமக்குப் படும் ஒரு வேடிக்கை, நாட்கணக்கில் எடுத்து எடுத்து மாற்றியதன் பயனாகும்.

வீடும் மரமும்

பஸ்டர் கீட்டனின் வழி வேறு. 1895இல் பிறந்து, சிறு வயதிலேயே பெற்றோருடன் மேடையேறியவர் அவர். தந்தை அவரை மேடையின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு வீசி எறிவார். தாம் சிரித்தால் சபையோர் சிரிப்பதில்லை என்பதை அந்த வயதிலேயே கண்டுகொண்டார். பின்னாளில் அவர் முகம் கல்முகம் என்றே பெயர்பெற்றது.

1920இல் அவர் எடுத்த ‘ஒரு வாரம்’ என்னும் குறும்படத்தில், புதுமணத் தம்பதியருக்கு ஒரு மனையும், பெட்டிகளில் அடைத்த வீடும் பரிசாக வருகின்றன. பெட்டிகளை எண் வரிசையில் பிரித்துப் பூட்டினால் வீடு தயாராகிவிடும். அப்பெண்ணை மணக்க விரும்பி ஏமாந்த ஒருவன் எண்களை மாற்றி எழுதிவிடுகிறான். குறிப்பேட்டை நம்பி வேலை செய்தவருக்குக் கோணல்மாணலான வீடு கிடைக்கிறது. புயலில் அது பம்பரமாய்ச் சுழல்கிறது. உண்மை வீடு ஒன்றைச் சுழல்மேடையின்மேல் கட்டியே அதனைச் சுழற்றினார் கீட்டன். பின்னர், வீட்டைத் தவறான மனையில் கட்டிவிட்டது தெரிகிறது. இழுத்துச் செல்கையில் இருப்புப்பாதையில் சிக்கிக்கொள்கிறது. ரயில் வருகிறது. தம்பதியர் கண்ணை மூடிக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துப் பாதையில் போய்விடுகிறது. பெருமூச்சு விடுகிறார்கள், நாமும் விடுகிறோம். எதிர்த்திசையிலிருந்து மற்றொரு ரயில் வந்து வீட்டைச் சுக்கு நூறாக்குகிறது. கீட்டன் அழவில்லை. இடிபாட்டின்மேல் ‘விற்பனைக்கு’ என்ற பலகையை வைத்து, குறிப்பேட்டையும் அதனோடு சேர்த்துவிட்டு, மனைவியின் கையைப் பற்றி நடக்கிறார். சொந்த வீடு என்னும் ஆசையோடு வாடகை வீடுகளில் மாறி மாறி வாழ்ந்தவர்க்கு இப்படம் வெறும் வேடிக்கையாகத் தோன்றாது.

ஸ்டான் லாரல், ஆலிவர் ஹார்டி இருவரும் வேகத்தைக் கைவிட்டார்கள். 1929இல் வந்த ‘பெரிய வியாபாரம்’ என்ற மௌனக் குறும்படத்தில் அவர்கள் வீடு வீடாகச் சென்று கிறிஸ்துமஸ் மரம் விற்கிறார்கள். ஒரு வீட்டுக்காரர் வேண்டாமென்று கதவைச் சாத்தும்போது மரக்கிளை இடுக்கில் மாட்டிக்கொள்கிறது. மணியடிக்கிறார்கள், எடுக்கிறார், மீண்டும் மாட்டிக்கொள்கிறது. அவர் மரத்தை வெட்டுகிறார். இவர்கள் அவர் கதவில் கீறுகிறார்கள். அவர் காரின் விளக்கைப் பிடுங்குகிறார். ஒருவர் அழிக்கும்போது மற்றவர் தடுக்காமல் பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருப்பதே இதன் சிறப்பு. முடிவில் வீடும் இல்லை, காரும் இல்லை. போலீஸ்காரர் வந்து, எல்லாவற்றையும் குறிப்பெடுத்துக்கொண்டு நிற்கிறார். அண்டை வீட்டாரிடையே ஒரு சிறு சச்சரவு எவ்வாறு முற்றும் என்பதற்கு இதனினும் தெளிவான பாடம் கிடைப்பது அரிது.

சிரிப்பின் மறுபக்கம்

இக்கலையில் மாசு இல்லை என்று நாம் சொல்லவில்லை. கீஸ்டோன் முதன்முதல் வெளியிட்ட படங்களுள் ஒன்றே யூதர் ஒருவரைக் கேலிப் பொருளாக்கியது. கறுப்பின மக்களைக் காட்ட வெள்ளையர் முகத்தில் மை பூசிக்கொண்டு நடித்தனர். அயர்லாந்தார், ஜெர்மானியர், சீனர் என ஒவ்வோர் இனத்தாருக்கும் ஓர் இழிவுச் சாயல் வகுத்து வைத்திருந்தார்கள். தொல்காப்பியர் கூறிய எள்ளல் இது. நம் நாட்டிலும் இதற்கு ஒப்பானது உண்டு. 1968இல் வந்த ‘படோஸன்’ என்னும் ஹிந்திப் படத்தில் மெஹ்மூத் நடித்த தென்னாட்டுச் சங்கீத வித்துவான் பாத்திரத்தை நினைவுகொள்வோம். மெஹ்மூத் பெரும் திறமையாளர், ஐயமில்லை. எனினும் அங்கே நகைப்பிற்குப் பொருளாவது பெரும்பாலும் தமிழரின் ஹிந்தி உச்சரிப்பே. அவ்வுச்சரிப்பை வாயில் தாங்கி வாழ்பவர்கள் அந்தச் சிரிப்பில் முழுமனத்துடன் கலந்துகொள்ள இயலுமா?

‘குடியேறியவர்’ படத்திலும் புதிதாக வந்தவர் தடுமாறுகிறார். ஆனால் அவர் பார்வையிலிருந்தே நாம் விடுதியைக் காண்கிறோம்; நம் பையிலும் ஓட்டை இருப்பதாக உணர்கிறோம். கீழே விழுபவர் வேறோர் இனத்தவர் என்று எண்ணிச் சிரிப்பது ஒன்று. விழுபவர் நாமே என்று அறிந்து சிரிப்பது மற்றொன்று. அடிதடி விகடத்தின் தரத்தை அளக்க இதுவே நல்ல அளவுகோல் என்பது எம் கருத்து.

பேச்சு வந்தபின்

1927இல் பேசும்படம் வந்தது. மொழியின் வேலியும் உடன் வந்தது. லாரலும் ஹார்டியும் 1930, 1931ஆம் ஆண்டுகளில் ஸ்பானிஷ், பிரெஞ்சு முதலிய மொழிகளிலும் தம் படங்களைத் தனித்தனியே நடித்தார்கள். அம்மொழிகள் அவர்களுக்குத் தெரியா. உச்சரிப்பைப் பலகையில் எழுதிவைத்துப் படித்தார்கள். சாப்ளின் நெடுநாள் பேச மறுத்தார். 1936இல் ‘மாடர்ன் டைம்ஸ்’ படத்தில் அவர் குரல் முதன்முதலாக ஒரு பாடலில் ஒலித்தது. அப்பாடலின் சொற்கள் எந்த மொழியையும் சேர்ந்தவை அல்ல, பொருளற்ற ஒலிகள். பொருளை அவர் கைகளே சொல்லின.

நம் நாட்டிலும் அம்மரபு பரவியது. ராஜ் கபூர் 1951இல் ‘ஆவாரா’விலும், 1955இல் ‘ஸ்ரீ 420’இலும் சாப்ளினின் நாடோடியை இந்திய உடையில் கொணர்ந்தார். பின்னதன் நாயகன் பிழைப்புத் தேடி அலகாபாத்திலிருந்து மும்பைக்கு வந்தவன். 1987இல் சிங்கீதம் ஸ்ரீநிவாச ராவ் இயக்கத்தில் கமல் ஹாசன் நடித்த படம் உரையாடல் ஒன்றும் இல்லாமல் பெங்களூரில் எடுக்கப்பட்டது. கன்னடத்தில் ‘புஷ்பக விமானம்’ என்றும், தமிழில் ‘பேசும் படம்’ என்றும் அதற்குப் பெயர். வேலையற்ற இளைஞன் ஒருவனின் கதையை, மொழிமாற்றம் செய்ய வேண்டிய அவசியமே இன்றி, பல மாநிலத்தாரும் கண்டு மகிழ்ந்தார்கள்.

நேயர்களுக்கு ஒரு யோசனை. இங்கே குறிப்பிட்ட குறும்படங்களைக் காண இன்று கொட்டகை தேட வேண்டியதில்லை, கைப்பேசியிலேயே கிடைக்கின்றன. முதலில் ‘குடியேறியவர்’, அடுத்து ‘ஒரு வாரம்’, பின்னர் ‘பெரிய வியாபாரம்’ என்ற வரிசையில் காணலாம். மூன்றும் சேர்ந்து ஒன்றரை மணி நேரத்துக்கு மேற்படா. மனிதர்கள் துள்ளித் துள்ளி நடக்கும் பிரதியாக இருந்தால் விட்டுவிட்டு, செம்மைப்படுத்திய பிரதியைத் தேடுக. பிள்ளைகளை உடன் அமர்த்திக்கொள்வதோடு, வங்காளியோ மராத்தியரோ பஞ்சாபியரோ, பக்கத்து வீட்டாரையும் அழைத்துக்கொள்வது நலம். எந்த இடத்தில் சிரிக்க வேண்டும் என்று அவர்களுக்கு நாமோ, நமக்கு அவர்களோ எடுத்துச் சொல்ல வேண்டியிராது.